குப்பனுக்கு ஒரு கை தண்ணீர்

...அதைத்தான் சொல்ல வந்தேன். என் பிள்ளைகள், அண்ணனும் தம்பியும், ஒரு மாசம் முகம் கொடுத்துப் பேசாமல் இருந்தார்கள். சொத்துத் தகராறா என்று கேட்காதீர்கள். மரக்காணத்து உப்பளத்தில் கூலி வேலை பார்க்கிறவர்களிடம் என்ன சொத்து இருக்கும்? சண்டை வந்தது சமஸ்கிருதத்தால்!

சிரிக்காதீர்கள். எனக்கும் முதலில் சிரிப்புதான் வந்தது.

என் வீட்டுக்காரர் கோவிந்தன் போய் ஒரு வருஷம். தெவசம் வந்தது. சென்னையில் கொரியர் கம்பெனியில் இருக்கும் பெரியவன் சேகர் போன் பண்ணினான்.

"அம்மா, ஐயர வெச்சு மந்திரம் சொல்லித்தான் பண்ணணும். சமஸ்கிருதம்தான் எல்லா பாஷைக்கும் தாயி. அதுல சொன்னாதான் அப்பாவுக்குப் போய்ச் சேரும்."

சின்னவன் குமார், இங்கே மெயின் ரோட்டில் பஞ்சர் கடை வைத்திருப்பவன், போனைப் பிடுங்கினான். "அது எங்கேர்ந்தோ வந்த பாஷைண்ணா. உப்பு வாருன மனுசனுக்கு அதுல இன்னா புரியும்? ஐயர் வந்தா நான் தண்ணியில கால் வைக்க மாட்டேன்."

இரண்டு பேருக்கும் வாத்தியார் யார் தெரியுமா? செல்போன். அவன் ஒரு வீடியோ அனுப்ப, இவன் ஒரு வீடியோ அனுப்ப... நடுவில் அப்பாவை இருவருமே மறந்துவிட்டார்கள்.

எனக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான். இரண்டு பிள்ளை பெற்ற மனுஷன். இரண்டு பேர் கையாலும் தண்ணீர் வாங்கிக்கொண்டு போக வேண்டும். ஒருத்தன் கரையில் கையைக் கட்டிக்கொண்டு நின்றால் அவருக்குத் தொண்டை நனையுமா?

நான் எழுத்துத் தெரியாதவள். நான் சொல்லச் சொல்ல எதிர் வீட்டு வசந்திதான் வாராவாரம் பத்திரிகைக்கு இதை எழுதித் தருகிறாள், அது உங்களுக்கே தெரியும். அதனால் தெரியாததைக் கேட்பதில் எனக்கு வெட்கமே கிடையாது. பஸ் ஏறி வானூருக்குப் போனேன். தெவசம் பண்ணி வைக்கிற ஐயர் அங்கேதான் இருக்கிறார். சந்தையில் கத்திரிக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தார். அன்றைக்குக் காய் நல்ல பிஞ்சு. நானும் அரை கிலோ... சரி, அதை விடுங்கள்.

"சாமி, இந்த மந்திரத்து பாஷ எங்கேர்ந்து வந்துச்சு? வானத்துலேர்ந்தா, வெளியூர்லேர்ந்தா?"

அவர் காயைப் பையில் போட்டுவிட்டு என்னை ஒரு பார்வை பார்த்தார். "இத்தனை வருஷத்துல யாரும் என்னை இதைக் கேட்டதில்லைம்மா."

பக்கத்துப் படியில் உட்கார்ந்து சொன்னார். "வடமேற்கே மலையைத் தாண்டி, மாடும் குதிரையும் ஓட்டிண்டு வந்தவாளோட பேச்சும்மா அது. படிச்சவா பல பேர் அப்படித்தான் சொல்றா. இங்க வந்து இங்க இருந்தவாளோட கலந்து மாறினது. அப்புறம் இலக்கணம் கட்டினா. சமஸ்கிருதம்னா நன்னா செஞ்சதுன்னுதான் அர்த்தம். தமிழ் அதுக்குப் பொண்ணு இல்லை, வேற குடும்பம். ரெண்டும் பக்கத்து வீடு மாதிரி கொடுத்து வாங்கிண்டது. அதோட சொந்தக்காரா எல்லாம் மேற்கே தூரத்துல இருக்கா. மந்திரத்துல 'பிதா'ன்னு வர்றதே, சர்ச்சுல 'ஃபாதர்'னு கூப்பிடறாளே... ரெண்டும் தூரத்து உறவு."

எங்கள் ஊர் சர்ச் ஃபாதர் தினமும் உப்பளம் வழியாக பைக்கில் போகிறார். அவருக்கு இந்த உறவுமுறை தெரியுமோ தெரியாதோ!

ஆனால் நான் வாய் பிளந்தது அடுத்த சேதிக்குத்தான். ரொம்பக் காலத்துக்கு அந்த பாஷைக்கு எழுத்தே இல்லையாம். ஒருத்தர் சொல்ல, இன்னொருத்தர் காதால் வாங்கி... நேராகச் சொல்லி, முன்னும் பின்னும் மாற்றிக் கோத்துச் சொல்லி, ஒரு சத்தம்கூடப் பிசகாமல் தலைமுறை தலைமுறையாக வாயிலேயே வைத்திருந்தார்களாம். பிற்பாடும் சொந்த எழுத்து என்று ஒன்று கிடையாதாம், போன ஊர் எழுத்தில் எழுதிக்கொண்டார்களாம்.

"அப்போ அதுவும் என்ன மாதிரி கைநாட்டா சாமி?" என்றேன். மனுஷன் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் எனக்கு உட்கார இடம் கிடைக்கவில்லை. கிடைக்காததுகூடத் தெரியவில்லை, அவ்வளவு சந்தோஷம்.

வந்து குமாரிடம் சொன்னேன். அவன் டயரிலிருந்து கையை எடுக்காமல், "பாத்தியா! வெளியேர்ந்து வந்ததுதானே!" என்றான்.

"டேய், நானும் வெளியூர்லேர்ந்து இந்த வீட்டுக்கு வாழ வந்தவதான்டா. எத்தினி வருஷம் இருந்தா உள்ளூருன்னு சொல்லுவ?"

அவன் டயரைத் திருப்பிப் போட்டு ஆணியைத் தேடினான். ஆனால் தெவசத்தன்று கடற்கரைக்கு வந்துவிட்டான். வந்து, கையைக் கட்டிக்கொண்டு, தண்ணீர் படாத மணலில் நின்றான்.

சேகர் இடுப்பு நனைய உட்கார்ந்திருந்தான். ஐயர் அவன் கையில் எள்ளும் தண்ணீரும் விட்டார். அப்பா பெயர் கேட்டார், சொன்னான். தாத்தா பெயர் கேட்டார், முத்தையன் என்று சொன்னான். "அவரோட அப்பா?"

சேகர் விழித்தான்.

போன வருஷம் காரியத்தின்போது என் வீட்டுக்காரரின் அண்ணன் பக்கத்தில் நின்று எல்லாப் பெயரையும் சொன்னார். அவரும் தை மாசம் போய்விட்டார்.

"நாராயணன்னு சொல்லுங்க சாமி," என்றான் சேகர்.

கரையிலிருந்து குமார் கத்தினான். "இன்னாண்ணா, பேர நீயே வெக்கறியா? அதெல்லாம் நல்ல தமிழ்ப் பேராத்தான் இருக்கும். வேலன்னு சொல்லு!"

"நீ பாத்தியா?"

"நீ பாத்தியா?"

ஐயர் மெதுவாகச் சொன்னார். "பேர் தெரியாதவாளுக்கும் மந்திரம் இருக்கு. கையில தண்ணி ஒழுகிண்டிருக்கு பாருங்கோ..."

ஒழுகிக்கொண்டுதான் இருந்தது. எள் மட்டும் உள்ளங்கையில் ஒட்டிக்கொண்டு நின்றது. ஆயிரக்கணக்கான வருஷத்துக் கதைக்கு அடித்துக்கொள்கிறார்கள்... மூன்றாவது மனுஷனைத் தெரியவில்லை!

"குப்பன்," என்றேன்.

இரண்டு பேரும் திரும்பினார்கள்.

"குப்பனா?" என்றான் சேகர், மெல்லிய குரலில்.

"ஆமான்டா. அவருக்கு முன்னால பொறந்த மூணு புள்ளைங்களும் தங்கல. இவரையாவது எமன் கண்ணுல படாம வெக்கணும்னு குப்பையில பொரட்டி எடுத்து வெச்ச பேரு. அந்தப் பேரு பொழைக்கலன்னா நீங்க ரெண்டு பேரும் ஏது?"

எனக்கு எப்படித் தெரியும் என்கிறீர்களா? என் மாமியாருக்கும் எழுத்து வராது. ஆடி அமாவாசை தோறும் போனவர்களைப் பெயர் சொல்லி அழுவாள். வீட்டுப் பெண்கள் எல்லாம் சேர்ந்து அழ வேண்டும், அது எங்கள் வழக்கம். குப்பன் பெயரில் ஆரம்பித்து வரிசையாக வரும். அழுது அழுதுதான் எனக்குப் பாடமாயிற்று. நாராயணனும் இல்லை, வேலனும் இல்லை. சாவுக்குப் பயந்த ஒரு தாய் வைத்த பெயர்.

ஐயர் மறுபடி தண்ணீர் விட்டார். சமஸ்கிருதத்துக்கு நடுவில், சத்தமாக, குப்பன் என்றார். அந்த பாஷை எங்கள் குப்பனை ஒன்றும் கீழே போட்டுவிடவில்லை.

நான் குமாரைப் பார்த்தேன். "மந்திரம் அவர் சொல்லட்டும். பேர நீ சொல்லு."

பேண்ட்டைக்கூட மடிக்காமல் தண்ணீரில் இறங்கினான். அண்ணன் நகர்ந்து இடம் விட்டான். நான்கு உள்ளங்கை. மூன்று பெயரையும் குமார்தான் சொன்னான். மூன்றாவதைச் சொல்லும்போது குரல் உடைந்தது. சேகர் அவன் தோளில் ஈரக் கையை வைத்தான்.

சண்டை தீர்ந்ததா என்றால்... எங்கே! சாப்பிட உட்கார்ந்ததுமே "தாயி இல்லையாம்ல?" என்று ஆரம்பித்துவிட்டான் சின்னவன். ஆரம்பிக்கட்டும். ஒரே பந்தியில் உட்கார்ந்துதானே ஆரம்பித்தான்!

ஐயோ, மேற்கே கறுத்துக்கொண்டு வருகிறது. வாரிக் குவித்த உப்பு அப்படியே கிடக்கிறது. சேகருக்கு இன்றைக்கும் லீவு. அங்கே பாருங்கள், அண்ணனும் தம்பியும் தார்ப்பாயை ஆளுக்கொரு பக்கமாக இழுக்கிறார்கள். இழுக்கட்டும், அப்போதுதான் அது விரியும். ஆனால் மேலே வைக்கக் கல் எடுத்துத் தர ஆள் இல்லை. வசந்தி, பேனாவை வைத்துவிட்டு நீயும் வா...