வெந்நீர்த் தொட்டியில் அடைத்த காற்று

மனைவி உட்கார்ந்து குளிக்க, அவள் மூட்டுவலிக்காக வாங்கிய மோட்டார் வைத்த வெந்நீர்த் தொட்டியை, அவள் இறந்தபின் அந்தப் பஸ் ஓட்டுநர் திறக்கவே இல்லை. விற்றுவிடலாம் என்று மகள் சொன்னதால், புதுத் தண்ணீர் நிரப்பி ஓட்டிப் பார்த்தார். மோட்டார் உறுமியது, தண்ணீர் அசையவில்லை. வடிகட்டியைக் கழற்றினார். மனைவியின் நரைமுடி சுற்றியிருந்தது. வழித்துக் குப்பையில் போட்டுவிட்டுக் கழுவி மாட்டினார். அப்போதும் அசையவில்லை.

மகள் போனில், "காத்து அடைச்சிருக்குமோப்பா?" என்றாள்.

மோட்டாரை நிறுத்திவிட்டுக் குழாய் நட்டைத் தளர்த்தினார். புஸ்ஸென்று காற்று போய்த் தண்ணீர் கசிந்ததும் இறுக்கினார். மறுபடி போட்டபோது தண்ணீர் பீறிட்டது.

"ஓடுதும்மா."

"அழறீங்களா?"

"இல்லம்மா, எதுவும் தோணல."

சாயங்காலம் தொட்டியை வாங்க வந்தவர், யாருக்காக வாங்கினீர்கள் என்று கேட்டார்.

"வீட்ல இருந்தவங்களுக்கு," என்றவர், வடிகட்டியை எப்படிக் கழற்றுவது என்று நிதானமாகக் காட்டினார்.