காக்கா தந்த நெட்புக்

கூடப் பிறந்த மூத்தவரான காக்கா கட்டாரிலிருந்து திரும்பியபோது தன் பழைய நெட்புக்கை எனக்குத் தந்தார். தந்த நாளிலிருந்து அதைச் சொல்லிக்காட்டாத வெள்ளிக்கிழமை இல்லை. எங்கள் பக்கம் வீடு பெண்பிள்ளைக்குத்தான். உம்மாவும் நானும் கல்முனையில், அவர் நிந்தவூரில் மதினி வீட்டில்; வெள்ளிக்கிழமைகளில் சோற்றுக்கு வருவார். இந்த வீட்டைக் கட்டத் தான் உழைத்த கதை ஏற்கெனவே என் காதைத் தின்றுகொண்டிருந்தது. இப்போது நெட்புக் கதையும் சேர்ந்தது.

எனக்கு அது தேவைப்பட்டது. என்னைக் கட்டிய மாப்பிள்ளை படுக்கையில் விழுந்த பிறகு, லண்டனில் இருக்கும் பிள்ளைகளுக்கு வீடியோவில் குர்ஆன் ஓதிக்கொடுத்துத்தான் உலை வைத்தேன். கைபேசியில் எழுத்துக் காட்ட முடியவில்லை. கொம்பியூட்டர் இல்லாவிட்டால் வேறு ஆள் பார்ப்போம் என்று தாய்மார் சொல்லிவிட்டார்கள்.

நெட்புக்கோ பெயருக்குத்தான் கொம்பியூட்டர். திரையில் படம் காட்டும் அதன் சிப்புக்குப் புதுச் சிஸ்டத்தில் அதை ஓட்டும் மென்பொருளான டிரைவரே இல்லை. எழுத்தெல்லாம் வீங்கித் தெரியும், பிள்ளைகளின் முகம் பாதி வாயில் உறைந்து நிற்கும். கடைக்காரர் திறந்துகூடப் பார்க்காமல் கடலில் போடச் சொன்னார். காக்காவிடம் சொன்னால், தந்த சாமானுக்குக் குறை சொல்லக் கூடாதாம்.

அந்தக் கோபத்தில்தான் உட்கார்ந்தேன். இதே சிப்போடு மல்லுக்கட்டிய யாரோ ஒரு புண்ணியவான் வேறொரு மாடலின் டிரைவரைத் திருத்தி இணையத்தில் போட்டிருந்தார். அதன் கோப்பைத் திறந்து என் சிப்பின் இலக்கத்தைச் சேர்க்க வேண்டும். திருத்திய டிரைவரைத் தடுக்கும் சோதனையை நிறுத்த வேண்டும். ஓர் எழுத்துப் பிழைத்தாலும் திரை கறுத்துப்போகும். ஏசிக்கொண்டே அழித்துவிட்டு மறுபடி தொடங்குவேன். கடைசியில் ஜீம் என்ற அரபு எழுத்தின் வயிற்றிலிருந்த புள்ளி தெளிவாகத் தெரிந்தது. அழுதேவிட்டேன்.

அடுத்த வெள்ளி காக்கா அதைப் பார்த்துவிட்டார்.

"மகனுக்குப் படிக்க ஒண்டு வேணும். அது நான் தந்த சாமான்தானே, தா."

என் பிழைப்பே அதில்தான் என்று அவருக்கு நன்றாகத் தெரியும்.

"ஓம் காக்கா. அசர் தொழுகைக்குப் பிறகு எடுங்க, துடைச்சு வைக்கிறன்."

துடைத்தேன். திருத்திய கோப்பைப் பென்டிரைவுக்கு மாற்றிக்கொண்டு, என் டிரைவரை அடியோடு அழித்தேன். நிறுத்திய சோதனையையும் மறுபடி போட்டேன். அவர் எப்படித் தந்தாரோ அப்படியே கையில் கொடுத்தேன். அதில் எனக்கு இன்றுவரை துளி வருத்தமில்லை.

அந்தக் கிழமை முழுக்க எனக்குக் காய்ச்சல் என்று லண்டனுக்குச் சொன்னேன். வெள்ளிக்கிழமை காக்கா நெட்புக்கை மேசையில் போட்டார்.

"இது செத்த சாமான். நீயே வெச்சுக்க."

உம்மாவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, இனி எனக்கேதானா என்று கேட்டேன். ஓம் என்று அவர் வாயால் சொன்ன பிறகுதான் சோறு போட்டேன். அவர் தின்றுகொண்டிருக்கும்போதே உள்ளறையில் டிரைவரை ஏற்றத் தொடங்கினேன்.