பன்னிரண்டாயிரம் நம்பர் பவுடர்

1. மெஷின் எண் சொல்ல மறுத்த மதியம்

அந்த வெள்ளிக்கிழமை பன்னிரண்டரை மணிக்கு என் லேபில் பவுடரின் வீரியத்தை அளக்கும் ஸ்பெக்ட்ரோ மெஷின் எண் காட்ட மறுத்துவிட்டது. திரையில் ‘ஓவர்’ என்று மட்டும் வந்தது. பல வருடமாக அந்தச் சோதனையில் எனக்கு 0.42 வரும். மழை நாளில் 0.41, எனக்கு மூட் சரியில்லாத நாளில் 0.43. அதைத் தாண்டி அது என்னை ஆச்சரியப்படுத்தியதே இல்லை.

எங்கள் கம்பெனி மேற்கு தாம்பரத்தில், முடிச்சூர் ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி, ஒரு ஷெட். தோல் பதனிடும் டேனரிகளுக்கு என்சைம் பவுடர் கலந்து தருவதுதான் தொழில். சுண்ணாம்பில் ஊறி முடி கழன்ற ஆட்டுத்தோல் ரப்பர் மாதிரி விறைத்துக் கிடக்கும். அதைத் தண்ணீரோடு பெரிய மர டிரம்மில் போட்டுச் சுழற்றி, எங்கள் பவுடரைச் சேர்ப்பார்கள். தோலுக்குள் இருக்கும் வேண்டாத புரதத்தை என்சைம் தின்றுவிடும், தோல் துணி போல இளகும். இந்தப் பவுடருக்குத் தொழிலில் ‘பேட்’ என்று பெயர். நான் பேட் கம்பெனியில் வேலை பார்க்கிறேன் என்று சொன்னால் கிரிக்கெட் மட்டையா என்று கேட்காத உறவினர் எனக்குக் கிடையாது.

பேட் குறைந்தால் தோல் முரடாக நிற்கும். கூடினால் வேண்டாத புரதத்தைத் தின்று முடித்துவிட்டுத் தோலையே தின்ன ஆரம்பிக்கும். முரடான தோலை மறுபடி இளக்கலாம். தின்ற தோலுக்கு மருந்து கிடையாது.

மெஷின்தான் கெட்டுவிட்டது என்று முதலில் அதைத் திட்டினேன். பிறகு சாம்பிளைப் பத்து மடங்கு தண்ணீரில் கரைத்து மறுபடி வைத்தேன். 0.70 வந்தது. பத்தால் பெருக்கினால் 7.0. வழக்கமான 0.42ஆல் வகுத்தேன்.

16.67.

எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்துவிட்டது. பயத்தில் இல்லை, பயம் அரை நிமிடம் கழித்துத்தான் வந்தது. முதலில் வந்தது சந்தோஷம்தான், மறைப்பானேன். தப்பாகப் போகும் எண் எப்படி வேண்டுமானாலும் தப்பாகப் போகலாம். பதினைந்து வரலாம், இருபத்திரண்டு வரலாம். இது தன் பெயரை அச்சடித்த அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு வந்து நின்றது. ஆயிரத்தை அறுபதால் வகுத்துப் பாருங்கள், 16.67 வரும்.

2. ஆயிரம், அறுபது

இதைப் படிக்கும் இளைய கெமிஸ்டுகளுக்காகக் கொஞ்சம் நிறுத்திச் சொல்கிறேன்.

என்சைமை எடை போட்டு வாங்குவதில் அர்த்தமில்லை. ஒரு கிலோ பவுடரில் வேலை செய்யும் சரக்கு எவ்வளவு, வெறும் மண் எவ்வளவு என்று தராசு சொல்லாது. அதனால் அது எவ்வளவு வேகமாக வேலை செய்கிறது என்பதை வைத்து அளக்கிறோம். பழைய அளவு ‘யூனிட்’. ஒரு நிமிடத்தில் ஒரு மைக்ரோமோல் பொருளை மாற்றினால் ஒரு யூனிட். பிறகு உலகத்துக்கெல்லாம் பொதுவான அளவாக ‘கேட்டல்’ வந்தது. கேட்டலிஸ்ட் என்ற சொல்லிலிருந்து எடுத்த பெயர். ஒரு நொடியில் ஒரு மோலை மாற்றினால் ஒரு கேட்டல். அது பூதாகரமான அளவு, எந்த லேபிலும் ஒரு முழு கேட்டலை யாரும் பார்ப்பதில்லை. ஆகவே அதில் நூறு கோடியில் ஒரு பங்கான நானோகேட்டலில் பேசுவோம். ஒன்றில் நிமிடம், இன்னொன்றில் நொடி. ஒன்றில் மைக்ரோ, இன்னொன்றில் நானோ. ஒரு மைக்ரோவுக்கு ஆயிரம் நானோ, ஒரு நிமிடத்துக்கு அறுபது நொடி. ஆயிரத்தை அறுபதால் வகுத்தால் கணக்கு முடிந்தது. ஒரு யூனிட் என்பது 16.67 நானோகேட்டல்.

காட்டாங்குளத்தூர் பக்கம் ஒரு கல்லூரியில் வருடா வருடம் என்னைக் கூப்பிட்டு இதே பாடத்தை எடுக்கச் சொல்வார்கள். “எண்ணுக்குப் பக்கத்தில் யூனிட் எழுதாதவனுக்கு மார்க் போடாதீர்கள்” என்று மைக் பிடித்துச் சொல்லிவிட்டு, சால்வை வாங்கிக்கொண்டு வருவேன்.

இப்போது என் லட்சணத்தைக் கேளுங்கள். எங்கள் ஷெட்டில் மூலப் பவுடருக்கு ‘பன்னிரண்டாயிரம் நம்பர்’ என்று பெயர். பழைய சப்ளையர் டின்னில் கிராமுக்கு 12,000 நானோகேட்டல் என்று போட்டிருப்பார். அந்தக் கடைசிச் சொல்லை யாரும் உச்சரித்ததே இல்லை, நான் உட்பட. அவர் கடையை மூடியதும் எங்கள் பர்ச்சேஸ் சுரேஷ் புது ஏஜெண்டிடம் “பன்னிரண்டாயிரம் நம்பர்” கேட்டிருக்கிறார். அவரும் நல்ல மனிதர், கேட்டதையே கொடுத்தார். கிராமுக்கு 12,000 யூனிட். சுரேஷ் சர்டிபிகேட்டை வாட்ஸ்அப்பில் எனக்கு அனுப்பினார். நான் பஸ்ஸில் நின்றுகொண்டே எண்ணை மட்டும் பார்த்தேன், ‘ஓகே’ என்று பதில் போட்டேன்.

இன்னொரு கெட்ட பழக்கமும் எங்களிடம் இருந்தது. காலையில் மூட்டை வண்டி ஏறிவிடும், அதன் சாம்பிளை நான் மதியம்தான் சோதிப்பேன். எப்போதும் 0.42தானே வருகிறது என்ற தெனாவட்டு.

3. பல்லாவரத்துக்கு ஐஸ்

காலையில் போன மூட்டை ஒன்றே ஒன்று. பல்லாவரத்தில் ரஹீம் பாய் டேனரிக்கு. ரஹீம் பாய்க்கு அது சாதாரண வெள்ளிக்கிழமை இல்லை. கையுறைத் தோல் வாங்கும் கம்பெனிக்காரன் அவருடைய இரண்டு லாட்டை முரடு என்று திருப்பிவிட்டான். மூன்றாவதும் சரியில்லை என்றால் வேறு ஊரில் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டான். அந்த மூன்றாவது லாட்தான் அன்று டிரம்மில் இருந்தது. வழக்கமாக அறுபது நிமிடம் எடுக்கும் வேலையை எங்கள் புதுப் பவுடர் மூன்றரை நிமிடத்தில் முடித்துவிட்டு, மிச்ச நேரம் பூராவும் தோலைத் தின்றுகொண்டிருக்கும்.

பாய்க்குப் போன் போட்டேன். ஸ்விட்ச் ஆஃப். வெள்ளிக்கிழமை மதியம், ஜும்மாவுக்குப் போயிருக்கிறார். டிரம் பார்க்கும் டில்லிக்குப் போட்டேன். மணி அடித்துக்கொண்டே இருந்தது. ஈரக்கை என்பதால் டில்லி போனைச் சாப்பாட்டுப் பையில் போட்டு ஷெட்டின் அந்தக் கோடியில் மாட்டிவிடுவார்.

சுரேஷிடம் ஓடினேன்.

“மேடம், பன்னெண்டாயிரம்தானே கேட்டோம்? பன்னெண்டாயிரம்தானே வந்திருக்கு?”

“சுரேஷ், வண்டிய எடு. ஸ்டேஷன்ல விடு. திட்டுறதெல்லாம் சாயந்திரம், உன்னையும் என்னையும் சேர்த்து.”

வெள்ளிக்கிழமை பல்லாவரம் சந்தை. ரோட்டில் போனால் பழைய சோபாவுக்கும் நாய்க்குட்டிக் கூண்டுக்கும் நடுவில் நின்றுவிடுவோம். அதனால் மின்சார ரயில். ஒரு மணி ஐந்துக்குக் கிளம்பிய வண்டியில் சானடோரியம், குரோம்பேட்டை என்று ஒவ்வொரு ஸ்டேஷனிலும் அது நிற்கும் நேரத்தை நான் நொடியில் எண்ணினேன். அன்று எனக்கு நிமிடம் என்ற அளவே பிடிக்கவில்லை.

ரயிலில்தான் இன்னொன்று உறைத்தது. பேட் ஏற்கெனவே விழுந்திருந்தால் அதை எப்படி நிறுத்துவது? என்சைமுக்குக் குளிர் ஆகாது, குளிர்ந்த தண்ணீரில் சோம்பிப் படுத்துவிடும். ஆனால் அது மே மாதம். பாய் டேனரியின் மாடித் தொட்டித் தண்ணீர் கையை வைத்தால் சுடும். அதை ஊற்றினால் என்சைமுக்கு விருந்து வைத்த மாதிரி ஆகிவிடும்.

ஸ்டேஷனை விட்டு வெளியே வந்ததும் மீன் கடை வரிசைக்கு ஓடினேன்.

“அக்கா, ஐஸ் வேணும். உடைச்ச ஐஸ். எவ்ளோ இருக்கோ அவ்ளோ.”

மீன்காரம்மா என்னை மேலும் கீழும் பார்த்தார். “இன்னாமா, மீனு வாங்காம வெறும் ஐஸு கேக்குற? வூட்ல ஏதாச்சும் சாவா?”

“சாவில்லக்கா. தோல் கெட்டுப்போயிடும், ஆட்டுத்தோல்.”

“கறிய வுட்டுட்டுத் தோலுக்கு ஐஸு வைக்கிற ஆள இப்பத்தான் பாக்குறேன்” என்றார். ஆனாலும் பக்கத்துக் கடைக்காரர்களை அதட்டி ஐந்து பெட்டி சேர்த்துக் கொடுத்தார். லோடு ஆட்டோவில் பெட்டிகளுக்கு நடுவே நானும் ஏறிக்கொண்டேன். கெளுத்தி வாசனையோடு டேனரி வாசலில் இறங்கும்போது மணி ஒன்று நாற்பது.

4. இரண்டு டம்ளர்

டிரம் சுற்றிக்கொண்டிருந்தது.

“டில்லி! பேட் போட்டுட்டீங்களா?”

டில்லி எங்கள் மூட்டையின் மேல்தான் உட்கார்ந்திருந்தார். “ஒன்னேகாலுக்கு மேல, ஒன்னு இருவத்தஞ்சுக்குப் போட்டேன் மேடம். இன்னா, இம்மாம் வேர்த்துகினு கீது உங்களுக்கு?”

“எவ்ளோ போட்டீங்க? கார்டுல இருக்கிற மூணு கிலோவும் போட்டுட்டீங்களா?”

அவர் தலையைச் சொறிந்தார். “திட்டாதீங்க. நீங்க கார்டுல எழுதின மேரி போடல. பவுடரு கலரு வேற மாதிரி கீது. அதான் ரெண்டு டம்ளரு மட்டும் போட்டு ருசி பாத்துகினு கீறேன்.”

இந்த ‘ருசி பார்க்கும்’ பழக்கத்தை நிறுத்தச் சொல்லி நான் அவருடன் எத்தனை சண்டை போட்டிருக்கிறேன் தெரியுமா! புது மூட்டை என்றால் அவர் முதலில் கொஞ்சம் போடுவார், தோலை எடுத்துக் கட்டைவிரலால் அழுத்துவார். விரல் பதிந்த பள்ளம் அப்படியே நின்றால் தோல் தயார், எழும்பி வந்தால் இன்னும் நேரம் வேண்டும். அளவு கார்டை மதிக்காத ஆள் என்று பாயிடமே புகார் சொன்னவள் நான். அன்று அந்த ஈரக்கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொள்ளலாம் போல இருந்தது.

டம்ளரை வாங்கி, பவுடரை நிரப்பி, தராசில் வைத்தேன். நூற்றைம்பது கிராம். இரண்டு டம்ளர் முந்நூறு. மூன்று கிலோவில் பத்தில் ஒரு பங்கு. மூட்டையின் மேலேயே பேனாவால் கணக்குப் போட்டேன். 16.67இல் பத்தில் ஒன்று 1.667. அறுபது நிமிடத்தை அதால் வகுத்தால் முப்பத்தாறு. ஒன்று இருபத்தைந்தோடு கூட்டினால் இரண்டு மணி ஒரு நிமிடம்.

“டில்லி, இன்னொரு சிட்டிகைகூடப் போடாதீங்க. ரெண்டு மணி ஒரு நிமிஷத்துக்குத் தோல் ரெடி.”

“அதெப்டி நிமிசம் வரைக்கும் சொல்றீங்க? தோலு சொல்லணும் மேடம், நீங்க சொல்லக்கூடாது.”

“பாத்துடுவோம்.”

ஒன்று ஐம்பதுக்கு டிரம்மை நிறுத்தி ஒரு தோலை இழுத்தார். அழுத்தினார், பள்ளம் எழும்பி வந்துவிட்டது. உதட்டைப் பிதுக்கினார். ஒன்று ஐம்பத்தைந்துக்கு மறுபடி. பள்ளம் மெதுவாக, யோசித்து யோசித்து எழும்பியது. அதற்குள் ஜும்மா முடிந்து பாய் வந்து சேர்ந்தார். ஐஸ் பெட்டிகளையும் என் கோலத்தையும் பார்த்துவிட்டு, தொப்பியைக்கூடக் கழற்றாமல் அப்படியே நின்றார். யாரும் அவருக்கு விளக்கம் சொல்லவில்லை.

இரண்டு மணிக்கு டில்லி டிரம்மை நிறுத்தினார். கதவைத் திறந்து, கைவிட்டு, தோலை எடுத்து, மடித்து, அழுத்தினார். நான் கடிகாரத்தைப் பார்த்தேன். இரண்டு மணி ஒரு நிமிடம்.

பள்ளம் எழும்பவில்லை. அவருடைய ரேகை முதற்கொண்டு தோலில் நின்றது.

“நிக்குது மேடம்!” என்று டில்லி கத்தினார். நானும் கத்தினேன். ஐம்பத்தெட்டு வயதில் ஒரு டேனரி ஷெட்டில் குதித்தேன் என்று எழுத வெட்கமாக இருக்கிறது, ஆனால் குதித்தேன். எத்தனையோ வருடம் நான் காகிதத்தில் வகுத்த எண்ணும் அவர் விரலில் வைத்திருந்த எண்ணும் ஒன்றுதான் என்று எங்கள் இரண்டு பேருக்கும் அன்றுதான் தெரிந்தது.

“வடிய வுடு, ஐஸப் போடு!” என்று டில்லி ஆட்களை விரட்டினார். வெதுவெதுப்பான தண்ணீர் வடிந்தது, மீன்காரம்மாவின் ஐஸ் உள்ளே போனது. அதன் பின்னால் உப்பு, அதன் பின்னால் ஆசிட். என்சைம் அடங்கியது.

5. பாய் கேட்ட கேள்வி

அன்று மாலையே எங்கள் முதலாளியிடம் போய் ‘ஓகே’ போட்டது நான்தான் என்று எழுதிக் கொடுத்தேன். சுரேஷுக்குத் திட்டு விழவில்லை. டின், சர்டிபிகேட், கார்டு எல்லாவற்றிலும் எண்ணையும் யூனிட்டையும் இரண்டு பேர் சத்தமாகப் படித்துக் கையெழுத்துப் போட வேண்டும் என்று விதி வந்தது. ‘பன்னிரண்டாயிரம் நம்பர்’ என்று ஷெட்டில் யாராவது சொன்னால் டீ வாங்கித்தர வேண்டும். முதல் மூன்று டீ நான்தான் வாங்கினேன். டில்லியின் ருசி பார்க்கும் பழக்கத்தை எங்கள் அளவு கார்டிலேயே முதல் வரியாக அச்சடித்தோம்.

அடுத்த மாதம் பாய் போன் செய்தார். குரலே நடனமாடியது.

“மேடம், லாட் பாஸ்! ஒரு தோலுகூடத் திருப்பல. அடுத்த ஆர்டரும் நமக்குத்தான். நீங்க அன்னிக்கு ஐஸோட ஓடி வரலேன்னா நான் கடைய இழுத்து மூடியிருப்பேன். என் லாட்டக் காப்பாத்தினதே நீங்கதான்.”

நன்றி என்று சொல்லிப் போனை வைத்திருக்கலாம். அவருக்கு முழுக்கதை தெரியாது. ஒரு நிமிடம் எனக்கு ஆசையாகவும் இருந்தது.

“இல்ல பாய். காப்பாத்தினது டில்லி. கெடுக்கப் பாத்தது நான். பவுடர் பதினாறு மடங்கு ஸ்ட்ராங்கா இருந்தது. சர்டிபிகேட்ல யூனிட்ட நான் படிக்கல. டெஸ்ட் பண்றதுக்கு முன்னாடியே மூட்டைய அனுப்பிட்டேன்.”

வாடிக்கையாளர் போய்விட்டார் என்றே நினைத்துக்கொண்டேன். போனால் போகட்டும் என்றும் நினைக்க முடியவில்லை.

“சரி,” என்றார் பாய். “அடுத்த மூட்ட எப்ப அனுப்புவீங்க?”

“டெஸ்ட் முடிஞ்சப்புறம், பாய்.”

“அப்ப லேட்டாகுமே?”

“ஒரு நாள் லேட்டாகும்.”

“ஆகட்டும்” என்றார்.