கோர்வைக்கு இன்னொரு கை

பிள்ளையார்பாளையத்து மாணிக்கவாசகத்துக்குச் சின்னத்திரைப் பைத்தியம் பிடித்துப் பதினோரு வருடம் ஆகிறது. சீரியல் நடிகை யாராவது கல்யாணப் பட்டு எடுக்கக் காஞ்சிபுரம் வந்தால் போதும், காந்தி ரோட்டுக் கடையொன்றில் வாட்ச்மேனாக இருக்கும் பாண்டியன் போன் போட்டுவிடுவார். இவரும் தறியைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு சைக்கிளை எடுப்பார். ஐம்பத்தாறு வயதில் இதெல்லாம் தேவையா என்று கேட்டுக் கேட்டுத் தெருவே ஓய்ந்துவிட்டது. போனில் நூற்று நாற்பது படம் இருக்கிறது. எல்லாவற்றிலும் நடிகைகள் சிரிக்கிறார்கள், இவர் மூச்சு வாங்கிக்கொண்டு நிற்கிறார்.

படம் அவருக்குப் பெரிதில்லை. இரண்டாம் முறை பார்க்கும்போது ஒருத்தராவது "நீங்களா?" என்று கேட்டுவிட வேண்டும். அந்த ஒரு சொல்லுக்குத்தான் இத்தனை அலைச்சலும். இதுவரை ஒருவரும் கேட்கவில்லை.

பாடு தில்லையம்மாளுக்கு. புருஷனும் பெண்டாட்டியும் நெய்வது கோர்வைப் புடவை. உடலுக்குக் குறுக்கு நூல் ஓட்டும் நாடா ஒன்று, கரைக்கு வேறு நாடா. ஒருவர் தறிக்குழியில் உட்கார்ந்து நெய்ய, இன்னொருவர் பக்கத்திலிருந்து கரை நாடாவைத் தள்ளிக் கொடுக்க வேண்டும். அவர் எழுந்து போனால் தறி நின்றுவிடும். சண்டை போட்டுப் பார்த்து அவளுக்கும் அலுத்துவிட்டது.

ஆவணியில் ஒரு நாள் பாண்டியன் கூப்பிட்டார். மாமியாராக வந்து மிரட்டுகிற நடிகை கடைக்கு வருகிறாராம். அந்த அம்மாவை ஏற்கெனவே மூன்று தடவை பார்த்தாயிற்று, இந்த முறை அடையாளம் தெரியாமல் போகாது என்று கிளம்பினார். எட்டு மணிக்குப் போனவர் மூன்று மணி வரை கடை வாசலில் கால் கடுக்க நின்றார். வந்த நடிகை, எந்த ஊர் என்று அன்பாகத்தான் கேட்டார். இவர் பழைய படங்களை எடுத்துக் காட்டினார். அந்த அம்மா விரலால் தன் முகத்தை மட்டும் பெரிதாக்கிப் பார்த்து, அப்போது இளைத்திருந்தேன் என்று சொல்லிவிட்டு போனைத் திருப்பிக் கொடுத்தார்.

கடைக்குள் வேடிக்கை காட்டுவதற்கென்றே ஒரு தறி உண்டு. நடிகை நெய்வதுபோல வீடியோ எடுக்க வேண்டும், உதவிக்கு உட்காரும் ஆள் அன்று லீவு. பாண்டியன் இவரைக் கைகாட்டினார். நடிகை குழியில் உட்கார்ந்தார். முப்பது வருடம் நெய்தவர் பக்கத்தில் உட்கார்ந்து கரை நாடா தள்ளிக் கொடுத்தார்.

விளக்கு வைக்கும் நேரத்தில் வீடு திரும்பினார். அதற்குள் போனில் அந்த வீடியோ வந்துவிட்டது. திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தார், அவர் முகம் எங்கேயும் இல்லை. ஓரத்தில் யாருடையதோ போல ஒரு கை மட்டும் வந்து வந்து போனது. தான் அதில் விழவே இல்லை என்று சொல்லி போனைக் கீழே வைத்தார். அழுகை வரும்போல இருந்தது.

தில்லையம்மாள் போனை எடுத்து ஒரே ஒரு தடவைதான் பார்த்தாள்.

"இது உங்க கைதான். எனக்குத் தெரியாதா? அந்தம்மாவுக்கு நாடா தள்ளிக் குடுத்துக்கினு இருக்கீங்க. நான் இங்க காலைலருந்து ஒண்டியா உக்காந்துக்கினு இருந்தேன்."

பதினோரு வருடத்தில் அவரை அடையாளம் கண்டு சொன்னவள் அவள் ஒருத்திதான். அவரால் நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.