பாலாற்றில் பரிசல் ஆடியது

எங்கள் ஊரில் ஆறு என்றால் மணல். பாலத்தில் பஸ் போகும்போது வெளியூர்க்காரர்கள் எட்டிப் பார்த்து, "ஆறு எங்கே?" என்று கேட்பார்கள். நாங்களும் வெட்கமில்லாமல் மணலைக் காட்டுவோம். அதனால், அந்த மழைக்குப் பிறகு பாலாற்றில் தண்ணீர் வந்தபோது ஊரே ஓரிக்கை ஆற்றங்கரைக்குக் கிளம்பியதில் ஆச்சரியமில்லை. வெள்ளம் வடிந்த பிறகும் தடுப்பணைக்கு மேலே தண்ணீர் ஏரி மாதிரி நின்றது. கரையில் மிளகாய் பஜ்ஜி, வேர்க்கடலை, பலூன். மீன் பிடிக்கிற ஒருவர் தன் பரிசலைக் கொண்டுவந்து ஆட்களை ஏற்றிச் சுற்றிக் காட்டிக்கொண்டிருந்தார்.

நான் என் வீட்டுக்காரரை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு போனேன். பஜ்ஜிக்காக இல்லை. வண்டியிலிருந்து விழுந்து அவருக்கு இடது கால் முறிந்து, கம்பி வைத்து, எலும்பும் கூடிவிட்டது. "காலில் ஒரு கோளாறும் இல்லை, பயம்தான்" என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆனால் தறியில் உட்கார்ந்தால் அந்தக் கால் மிதிக்க மறுத்தது. எங்களுடையது குழித்தறி. குழிக்குள் கால்களை விட்டு, மிதிக்கட்டைகளை இடது வலது என்று மாற்றி மாற்றி மிதித்தால்தான் நீளவாக்கில் கட்டிய பாவு நூல் பிரியும், அதன் நடுவே ஊடை நூலோடு நாடா ஓடும். வலது கால் மிதிக்கும். இடது கால் மரம் மாதிரி நிற்கும். முயன்று பார்த்துவிட்டு எழுந்து போய் மின்விசிறியைப் பார்த்துப் படுத்துக்கொண்டார்.

அவருக்கு வலப்பக்கம் உட்கார்ந்து சேலையின் கரைக்கு நாடா போடுகிறவள் நான். வேலை நின்ற தறியில் தனியாக உட்கார்ந்திருந்தபோது, இந்த மனிதர் இனி இதில் இறங்கவே மாட்டாரோ என்று பயந்தேன். எனக்குப் பயம் வந்தால் கோபமாகத்தான் வெளியே வரும். அந்த மாதங்களில் அவர் என்னிடம் வாங்காத திட்டு இல்லை.

பரிசலைப் பார்த்ததும் "ஏறலாம்" என்றேன்.

"இன்னாம்மே, விளையாடறியா? ஆழம் தெரியாம கால வுடாதன்னு சும்மாவா சொன்னாங்க?"

"அந்தக் கால வூட்ல வெச்சுக்கினு இன்னா பண்ணப் போறீங்க? ஏறுங்க."

எங்களுக்குப் படகு என்றால் தெப்பம்தான். அதில் சாமி சுற்றும்; நாங்கள் குளக்கரையில் நின்று கன்னத்தில் போட்டுக்கொள்வோம். அந்தப் பழக்கத்தில் அவர் குனிந்து செருப்பைக் கரையிலேயே கழற்றினார். டாக்டர் எழுதிக்கொடுத்த தடித்த செருப்பு; அடிபட்டதிலிருந்து வீட்டுக்குள்கூட, தறிக்குழியில்கூட அதைக் கழற்றியதில்லை. பார்த்தால் நானும் கழற்றியிருந்தேன்.

"இன்னாண்ணா, கோயிலுக்கா வந்துக்கிறீங்க?" என்று பரிசல்காரர் சிரித்தார்.

தரையில் கால் மடக்கி உட்கார முடியாது என்பதால் என் வீட்டுக்காரருக்கு ஒரு பெயிண்ட் வாளியைக் கவிழ்த்துப் போட்டார். நான் வழக்கம்போல வலப்பக்கம் உட்கார்ந்தேன். எதிரில் ஓர் இளம் ஜோடி செல்ஃபி எடுத்துக்கொண்டிருந்தது.

கரை விலகியது. காற்று குளிர்ந்து வந்தது, கோரைக்குள்ளிருந்து கொக்குகள் எழுந்தன. அவர் எதையும் பார்க்கவில்லை, என் கையைத்தான் இறுக்கிக்கொண்டிருந்தார். நடு ஆற்றுக்கு வந்ததும் பரிசல் ஆட ஆரம்பித்தது.

"யாருப்பா ஆட்டறது?" என்றார் பரிசல்காரர்.

அந்த ஆட்டம் எனக்குத் தெரிந்த ஆட்டம். கல்யாண மண்டபத்து நாற்காலியாக இருந்தாலும், பஸ் சீட்டாக இருந்தாலும், மனசு படபடத்தால் இவர் கால் தன்னால் தறி மிதிக்கும். குனிந்து பார்த்தேன். மிதித்தால் அமுங்கி எழும் மூங்கில் தரையில் வெறும் பாதங்கள் மாறி மாறி மிதித்தன. வலது. இடது. வலது. இடது.

"அண்ணா, கால ஆட்டாதீங்க, கவுந்துடும்!"

"ஆட்டட்டும்பா! நீ துடுப்பப் போடு!"

நான் கத்திய கத்தலில் செல்ஃபி எடுத்த பெண் போனை மடியில் போட்டாள். அவரும் குனிந்து தன் காலைப் பார்த்தார். பார்த்ததும் கால் நின்றுவிட்டது. போச்சு, கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன். அவர் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு இடது பாதத்தை மெதுவாக, வேண்டுமென்றே அழுத்தினார். தரை அமுங்கியது. இன்னொரு முறையும் அழுத்தினார்.

"பாவு தறிலதானே இருக்குது?" என்று கேட்டார்.

இருக்கிறது என்று தலையாட்டினேன். அத்தனை பேர் எதிரில் அழுதேன், அவ்வளவு நிம்மதி.

ஆட்டோ பாதி தூரம் வந்த பிறகுதான் கவனித்தேன், நாலு காலும் வெறுங்கால். திரும்பிப் போய்ச் செருப்பை எடுத்து வரலாமா என்று கேட்டேன்.

"வுடும்மே. தறிக்குழிக்குச் செருப்பு இன்னாத்துக்கு?"