தள்ளுபடிக்கு வேண்டிக்கொண்ட வீடு

தங்கள் மனு தள்ளுபடியாக வேண்டும் என்று சாமி கும்பிட்ட வீடு எங்களுடையது மட்டுமாகத்தான் இருக்கும்.

அக்கா வீட்டுக்காரர் தண்ணீர் வாரியத்தில் பம்பு ஆபரேட்டர். பத்தொன்பது வருஷம் பம்பு ஹவுஸே கதி என்று கிடந்தவர். ஒருநாள் மதியம் மோட்டார் நின்றுவிட்டது. ஸ்டோரில் ஃபியூஸ் இல்லை என்று கையை விரித்தார்கள். இவரே பக்கத்துத் தெருக் கடைக்கு ஓடி, வாங்கி வந்து மாட்டினார். ஊருக்குத் தண்ணீர் போனது. அந்த நாற்பது நிமிஷத்துக்குள் அதிகாரி வந்து எட்டிப் பார்த்து, ‘பணியிடத்தில் ஆள் இல்லை’ என்று எழுதிவிட்டுப் போய்விட்டார். பேருக்கு ஒரு விசாரணை வைத்து வேலையை விட்டு எடுத்தார்கள். கடை ரசீதை ஒருவரும் ஏறெடுத்துப் பார்க்கவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மாமா அந்த ரசீதை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

முந்திரிக்கொட்டை மாதிரி நான்தான் அவரை நேரே கோர்ட்டுக்கு இழுத்துப் போனேன். ஐந்தே நிமிஷம். வாரியத்துக்குள்ளேயே இரண்டு அப்பீல் இருக்கிறது, அதை முடித்துவிட்டு வாருங்கள் என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

முதல் அப்பீல் தள்ளுபடியாக ஒன்றரை வருஷம். இரண்டாவது, வாரியத் தலைவரிடம். எப்போது போய்க் கேட்டாலும் “ஃபைல் மேல இருக்கு” என்பார்கள். மாமா தலையாட்டிவிட்டு வந்துவிடுவார்.

அதற்குள் அவருக்கு ஐம்பத்தாறு ஆகிவிட்டது. ஐம்பத்தெட்டில் ஓய்வு. அதற்குமேல் கோர்ட்டில் ஜெயித்தாலும் திரும்பிப் போக வேலை இருக்காது.

“அவங்க போட்ட ஆர்டரை அவங்களே மாத்த மாட்டாங்கம்மா. சீக்கிரம் தள்ளுபடி பண்ணினா போதும், மறுநாளே கோர்ட்டுக்குப் போயிடலாம்” என்றார் வக்கீல். அன்றிலிருந்துதான் அக்கா தள்ளுபடிக்கு வேண்ட ஆரம்பித்தாள். மாமா காலையில் குளித்துச் சட்டை மாட்டி நாற்காலியில் உட்காருவார். ஷிஃப்ட் முடிகிற நேரத்துக்குச் சட்டையைக் கழற்றுவார். அவ்வளவுதான் அவருடைய நாள்.

போன வாரம் பதிவுத் தபால் வந்தது.

“தள்ளுபடிதானேடா?” என்றாள் அக்கா.

“இல்லக்கா. ஏத்துக்கிட்டாங்க.”

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நான் மேலே படித்தேன். வேலைநீக்கம் ரத்து. விசாரணை ஒழுங்காக நடக்கவில்லையாம். புது அதிகாரியைப் போட்டு முதலிலிருந்து நடத்த வேண்டுமாம். அதுவரை இவர் சஸ்பெண்டில் இருக்க வேண்டுமாம்.

வக்கீலுக்குப் போன் போட்டேன். இப்போது கோர்ட்டில் எதிர்த்துக் கேட்க ஆர்டரே இல்லை என்றார். மறுபடி விசாரணை, மறுபடி ஆர்டர், மறுபடி இரண்டு அப்பீல்.

“அப்ப நாம ஜெயிச்சோமா, தோத்தோமா?” என்றாள் அக்கா. எனக்கு அழுகைதான் வந்தது.

மாமா யார் வீட்டுக் கதையையோ கேட்பதுபோல் கேட்டுக்கொண்டிருந்தார்.

“விசாரணைக்கு நான் போகலேன்னா என்ன பண்ணுவாங்க?”

“நீங்க இல்லாமலே முடிச்சு, வேலையை விட்டு எடுத்துடுவாங்க மாமா.”

“சீக்கிரம் எடுப்பாங்களா?”

“ரெண்டு மாசத்துல எடுத்துடுவாங்க. நீங்க போனா ஒரு வருஷம் இழுப்பாங்க, அப்பீலும் கோர்ட்டும் அவ்வளவு தள்ளிப்போகும்.”

“அப்ப நான் போகலடா” என்றார்.