நாம் என்று சொன்னேன்

ஐந்து மணி நேரம், நாற்பது நிமிடம். அவ்வளவு நேரம் அது எங்களோடு நடந்தது.

நம்பாதவர்கள் நம்ப வேண்டாம். இப்படிப்பட்ட கதைகளை நானும் நம்பாதவள்தான். தாவரவியல் படித்துவிட்டு ஊர் திரும்பியவள். இலையைப் பார்த்தால் பெயர் சொல்வேன். மனிதர்களைப் பார்த்தால் பேச்சு வராது. ஆனால் இது நடந்தது. போன பிப்ரவரியில், பசிபிக் கடலில் இருக்கும் எங்கள் ராரோதோங்கா தீவில், பகல் நேரத்தில் நடந்தது. என்னோடு வந்தவர்கள் இப்போது ஆக்லாந்தில் இருக்கிறார்கள். அவர்களைக் கேட்டாலும் இதையேதான் சொல்வார்கள்.

அன்றுதான் முதல் முறையாக ஒரு குழுவைத் தனியாக மலைக்கு அழைத்துப் போனேன். எங்கள் பாதை தீவின் வடக்கே ஏறி, நடு முகட்டைத் தாண்டி, தெற்கே இறங்கும். போகிற வழியில் செடிகளைக் காட்ட வேண்டும், பழைய கதைகளைச் சொல்ல வேண்டும். வடக்கே இறக்கிவிடும் நூரோவா அண்ணன், வண்டியோடு தீவைச் சுற்றிப் போய்த் தெற்கே காத்திருப்பார். மலைக்கு ஆள் கூட்டிப்போகும் கம்பெனியும் அவருடையது, வண்டியும் அவருடையது.

"செடி டாக்டரம்மா, ஆறு பேரத் தர்றேன்," என்றார். "ஆறு பேரக் கூட்டிட்டு வா. கதைய மறந்தா பரவாயில்ல. ஆள மறந்துட்டு வந்துடாத."

ஆறு பேரும் ஒரே குடும்பம். குடும்பத்தில் ஒருவரின் கல்லறைக்கல் திறப்புக்காக ஆக்லாந்திலிருந்து வந்திருந்தார்கள். எங்கள் தீவுக்காரர்கள்தான், ஆனால் எங்கள் மொழி அவர்களுக்குப் பாதிதான் வரும். வாயினே அக்கா எல்லாரையும் விரட்டிக்கொண்டே வந்தார். அவர் கணவர் பென். தம்பி ஜூனியர், வாய் ஓயாத ஆள். ஜூனியரின் இரண்டு பெண்கள். மூத்தவள் காதில் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது, இளையவள் பெயர் மீரி. கடைசியாக வாயினேயின் சித்தப்பா, அபெரா. அறுபத்தெட்டு வயது. காது கொஞ்சம் மந்தம். கேட்டதற்குத் தலையாட்டுவார், அவ்வளவுதான். வரிசையில் எப்போதும் கடைசி.

மழை தூறிக்கொண்டிருந்தது. எல்லாருக்கும் கம்பெனியின் மஞ்சள் மழைக்கோட்டு கொடுத்தேன். தொப்பியை இழுத்துவிட்டால் மூக்கு மட்டும்தான் தெரியும்.

"ஆறு வாத்துக்குஞ்சு," என்றார் ஜூனியர். "டீச்சர் வாத்து முன்னாடி போகட்டும்."

விருந்தாளிகளிடம் 'நாம்' என்றுதான் பேச வேண்டும் என்று நூரோவா அண்ணன் பழக்கியிருந்தார். நீங்க ஏறுவீங்க என்றால் பயந்துவிடுவார்களாம். நாம ஏறுவோம் என்றால் கூடவே வருவார்களாம். காலையிலிருந்து அதையே சொல்லிக்கொண்டிருந்தேன். நாம இப்ப இடது பக்கம் திரும்புறோம். நாம இந்த வேரப் பிடிச்சு ஏறுறோம்.

9.50க்கு மராய் வந்தது. மராய் என்றால் முன்னோர்களின் கல்மேடை. பாசி படிந்த கற்கள், ஓரத்தில் ஒரு பெரிய ஆலமரம். அனுமதி கேட்காமல் எங்கள் ஊரில் யாரும் அதைத் தாண்டுவதில்லை. பன்றி வேட்டைக்குப் போகிறவர்கள்கூடக் குரல் கொடுத்துவிட்டுத்தான் போவார்கள். குழுவை அழைத்துப் போகிற நாட்களில் கேட்பது வழிகாட்டியின் வேலை.

ஆறு பேரும் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். எங்கள் மொழியில் வேகமாகச் சொல்லி முடித்தேன்.

"பெரியவங்களே, நாம மேல போறோம். வழி விடுங்க."

சொல்லி முடித்ததும் தூறல் நின்றது. சரியாகச் சொன்ன வினாடியில் நின்றது.

"பாருங்கடா, பெரியவங்களுக்கு இந்தப் பொண்ணப் பிடிச்சிருக்கு," என்றார் வாயினே அக்கா.

பத்து நிமிடம் ஓய்வு கொடுத்தேன். ஆளுக்கொரு பக்கம் போனார்கள். 10.05க்குக் கூப்பிட்டேன். மறுபடி தூறல். மஞ்சள் கோட்டுகள் வரிசையாக வந்து நின்றன. எண்ணினேன். ஆறு.

கிளம்பினோம்.

அரை மணி நேரம் போயிருக்கும். மீரி வரிசையை விட்டு முன்னால் ஓடி வந்தாள்.

"அக்கா... தாத்தா பாடிக்கிட்டே வர்றாரு."

"யாரு, அபெரா சித்தப்பாவா?" வாயினே அக்கா சிரித்துவிட்டார். "சர்ச்லயே வாயத் தொறக்காத மனுஷன்டி அவரு."

"சர்ச்ல பாட்டு சரியில்லையோ என்னமோ," என்றார் ஜூனியர்.

"என்ன பாட்டு?" என்று கேட்டேன்.

"தெரியல. வார்த்தை புரியல. ஒரே வரியத் திரும்பத் திரும்பப் பாடுறாரு... மூச்சே விடாம."

திரும்பிப் பார்த்தேன். கடைசியில் மஞ்சள் கோட்டு ஒன்று நடந்து வந்தது. தலை குனிந்திருந்தது. பாட்டுச் சத்தம் எதுவும் எனக்குக் கேட்கவில்லை. வயதானவர், தனக்குள் ஏதோ முணுமுணுக்கிறார் என்று விட்டுவிட்டேன்.

12.20க்கு முகடு. பெரிய பாறை ஒன்று கூரைபோல நீட்டிக்கொண்டிருக்கும் இடத்தில் சாப்பிட உட்கார்ந்தோம். தேங்காய்ப்பாலில் ஊறிய மீனும், அவித்த தாரோக் கிழங்கும். மூடுபனி ஏறிக்கொண்டிருந்தது. பத்தடிக்கு அப்பால் எல்லாம் வெள்ளை.

கொசு பிடுங்கி எடுத்தது. பென் தன் கன்னத்தில் தானே அறைந்துகொண்டார். "கல்யாணமான நாள்லேர்ந்து இவ்வளவு அடி வாங்குனதில்ல," என்றார்.

"பொய் சொல்லாதீங்க," என்றார் வாயினே அக்கா.

அபெரா ஐயா பாறைக்கு அடியில் வரவில்லை. மழையில், எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றிருந்தார். அசையவில்லை. கையைக்கூட ஆட்டவில்லை. அவரைச் சுற்றி ஒரு கொசுவும் இல்லை.

கொசு மூச்சுக்காற்றைத் தேடித்தான் வரும். நாம் வெளியே விடும் மூச்சின் வாடைதான் அதற்கு வழி. கல்லூரியில் படித்தது. அது ஏன் அப்போது ஞாபகம் வந்தது என்று தெரியவில்லை. வந்ததும் தட்டைக் கீழே வைத்துவிட்டேன்.

வாயினே அக்கா ஒரு தட்டை மீரியிடம் கொடுத்து அனுப்பினார். மீரி போனாள். அவர் அருகே கொஞ்ச நேரம் நின்றாள். தட்டோடு திரும்பி வந்தாள்.

"வேணாம்னுட்டாரா?" என்றார் வாயினே அக்கா.

"ஒண்ணும் சொல்லல அத்த. என் பேரு என்னன்னு கேட்டாரு."

யாரும் சிரிக்கவில்லை.

"வயசாயிடுச்சு," என்றார் ஜூனியர் கடைசியில். "என் பேரையும் ரெண்டு தடவ மறந்திருக்காரு."

"உன் பேர மறக்கலாம்," என்றார் வாயினே அக்கா. ஆனால் அவர் முகம் சரியாக இல்லை. "சித்தப்பா! இங்க வந்து உக்காருங்க!"

அந்த மஞ்சள் கோட்டு திரும்பவில்லை.

நான் போய்ப் பார்த்திருக்க வேண்டும். தொப்பியை விலக்கி முகத்தைப் பார்த்திருக்க வேண்டும். ஆனால் எங்கள் ஊரில் பெரியவர் தலைப்பக்கம் கையைக் கொண்டுபோகக் கூடாது. அதைவிட, எனக்குக் கூச்சம். அதற்கும் மேலே, பயம். இறங்கும் பாதையில் ஓர் ஓடை இருக்கிறது. மழை வலுத்தால் மூன்று மணிக்கு மேல் அதைத் தாண்ட முடியாது. அதையே சாக்காக வைத்துக்கொண்டு எல்லாரையும் கிளப்பினேன்.

இறக்கத்தில் பனி இன்னும் அடர்ந்தது. இப்படிப்பட்ட நேரத்தில் நாங்கள் கூவுவோம். வழிகாட்டி கூவினால் பின்னால் இருப்பவர்கள் ஒவ்வொருவராகப் பதிலுக்குக் கூவ வேண்டும். அதுதான் தலை எண்ணுவது.

1.15.

"கூ...ஊ!"

வாயினே அக்கா கூவினார். பென். ஜூனியர், சேவலைப் போல. மூத்தவள். மீரி.

ஐந்து.

காத்திருந்தேன்.

"கூ...ஊ..."

ஆறாவது குரல் எனக்கு முன்னால் இருந்து வந்தது.

பாதையில் முதலில் நிற்பவள் நான். எனக்கு முன்னால் யாரும் இல்லை. பனிதான் இருந்தது.

திரும்பிப் பார்த்தேன். பனி ஒரு வினாடி விலகியது. மஞ்சள் கோட்டுகள்... ஆறு. கடைசியில் இருந்தது கடைசியிலேயே இருந்தது.

"எதிரொலி," என்றேன். குரல் எனக்கே கேட்கவில்லை.

மீரி முன்னால் ஓடி வந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். "அக்கா, நான் உங்க கூடவே வர்றேன். ப்ளீஸ்."

"பின்னாடி என்ன?"

"பாட்டு நின்னுடுச்சு," என்றாள். "இப்ப என் பேரச் சொல்லிக்கிட்டே வர்றாரு."

2.50. ஓடை.

தண்ணீர் முழங்காலுக்கு மேல். பழுப்பு நிறம். நான் நடுப் பாறையில் நின்றுகொண்டு ஒவ்வொருவராகக் கை கொடுத்துத் தாண்டவைத்தேன். எல்லார் கையும் நனைந்து வழுக்கியது. மீரி. வாயினே அக்கா. பென். ஜூனியர். மூத்தவள்.

பிறகு அந்தக் கை.

நான் நீட்டினேன். அது பிடித்தது.

ஈரமே இல்லை. ஐந்து மணி நேர மழையில்... காய்ந்த கை. சருகு மாதிரி.

முகத்தைப் பார்க்கவில்லை. தண்ணீரையே பார்த்துக்கொண்டு இழுத்தேன்.

கனமும் இல்லை.

அதன் பிறகு நான் திரும்பிப் பார்க்கவே இல்லை. வேகமாக நடந்தேன். பின்னால் சேற்றில் கால் பதியும் சத்தம். சளக்... சளக்... வண்டி தெரியும்வரை கேட்டது.

3.45.

நூரோவா அண்ணன் கதவைத் திறந்து வைத்திருந்தார். ஏறுகிறவர்களை விரல் விட்டு எண்ணினார்.

"அஞ்சு. எங்க இன்னொருத்தர்?"

"பின்னாடி வர்றாரு."

அவர் என் தோளுக்கு மேலே பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

"அகாய்தி," என்றார். அவர் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. "பின்னாடி யாருமே இல்ல."

திரும்பினேன். பாதை காலியாக இருந்தது.

"கடைசியா எங்க எண்ணுன?"

"ஓடைல. ஆறு. சத்தியமா ஆறு அண்ணா. கையப் பிடிச்சுத் தாண்டவிட்டேன்."

"அவரு மூஞ்சப் பாத்தியா?"

இல்லை என்று தலையாட்டினேன்.

"எப்பலேர்ந்து பாக்கல?"

"மராய்லேர்ந்து," என்றேன்.

அவர் குரலைத் தாழ்த்தினார். "மராய்ல என்ன சொன்ன? அப்படியே சொல்லு."

சொன்னேன். 'பெரியவங்களே, நாம மேல போறோம்.'

அவர் முகம் வெளுத்தது.

எங்கள் மொழியில் மாத்தோ என்றால் நாங்கள். தாத்தோ என்றால் நாம். ஓர் எழுத்துதான் வித்தியாசம். காலையிலிருந்து விருந்தாளிகளிடம் சொல்லிச் சொல்லி, அங்கேயும் அதுவே வந்துவிட்டது.

"நாங்கன்னு சொல்லணும் புள்ள," என்றார். "நாமன்னா... கேட்டுக்கிட்டு இருக்கறவங்களும் சேர்த்திதான?"

தீவைச் சுற்றி வடக்குப் பக்கம் ஓட்டினார். போய்ச் சேர்ந்தபோது 4.20. அங்கேயும் ஓர் ஓடை. காலையில் செருப்பு நனையாமல் தாண்டிய ஓடை இப்போது மரங்களை உருட்டிக்கொண்டு போனது. போலீஸ் வந்தது. ஊரே கயிறுகளோடு வந்தது. தாண்டப் போன இரண்டு பேரை வெள்ளம் திருப்பி அடித்தது. விடியும்வரை முடியாது என்றார்கள்.

அன்று இரவு முழுவதும் நான் அந்தக் கரையில்தான் இருந்தேன். போலீஸ் வண்டியின் விளக்கு வெளிச்சத்தில், வாயினே அக்காவுக்குப் பக்கத்தில். அவர் என்னைத் திட்டவில்லை. ஒரே ஒரு தடவை கேட்டார். "நீதான எண்ணுன?"

நாற்பது பேராவது என்னைப் பார்த்திருப்பார்கள்.

காலையில் தண்ணீர் வடிந்தது. ஆட்கள் மேலே போனார்கள். 6.30க்கு அபெரா ஐயாவைக் கொண்டு வந்தார்கள். உயிரோடு. சிறுநீர் கழிக்க ஆலமரத்துக்குப் பின்னால் போனவர் வேரில் வழுக்கிக் கணுக்காலை முறித்துக்கொண்டிருக்கிறார். நான் 10.05க்குக் கூப்பிட்டபோது அவருக்குக் காது கேட்கவில்லை. மராயின் கல்லில் சாய்ந்து, மஞ்சள் கோட்டோடு உட்கார்ந்திருந்தாராம்.

கம்பெனியில் இருந்தவை மொத்தம் ஏழு கோட்டுகள். என்னுடையதையும் சேர்த்து. எட்டாவது கோட்டு என்று ஒன்று எங்களிடம் கிடையாது.

இரண்டு நாள் அவர் யாரிடமும் பேசவில்லை. மூன்றாம் நாள் ஆஸ்பத்திரிக்குப் போனேன். வாசலில் அரை மணி நேரம் நின்றுவிட்டுத்தான் உள்ளே போக முடிந்தது.

"ஐயா," என்று அவர் காதருகே குனிந்து சொன்னேன். "என்ன மன்னிச்சிடுங்க."

"எதுக்கும்மா?"

"உங்களத் தனியா விட்டுட்டுப் போயிட்டேன்."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். விளையாடுகிறேனா என்று பார்ப்பதுபோல.

"நீயா? நீ எங்க போன? நான் விழுந்த உடனே ஓடி வந்துட்டியே. பகல் பூரா, ராத்திரி பூரா எம் பக்கத்துலதான உக்காந்திருந்த?"

நான் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டேன்.

"விடிஞ்சு ஆளுங்க வந்தப்போ உன்னையும் கூப்பிட்டேன். நான் வரல, இங்கயே இருக்கேன்னுட்ட." என் முகத்தை உற்றுப் பார்த்தார்.

"எப்பம்மா கீழ இறங்கின?"